நாலில் ஒருத்தர்

பி.காம். படித்தவர்களுக்கு ஒரு வியாதி உண்டு. எதைப் பார்த்தாலும் இதைப் பற்றில் எழுதுவதா, வரவில் எழுதுவதா என்று தோன்றும். கல்யாணத்துக்குப் போனால் பந்தியில் உட்கார்ந்துகொண்டு இலைக்கு எவ்வளவு ஆகியிருக்கும் என்று கணக்குப் போடுவோம். மொய் எழுதுகிறவர் கூட்டலில் தப்பு விட்டால் நமக்கு ரசம் இறங்காது.

அந்த வியாதியோடுதான் போன மாசம் ஒருநாள் ராத்திரி பதினொரு மணிக்கு ஒரு பாட்டுக் கேட்டேன். நண்பன் ஒருவன் மொபைலில் அனுப்பியிருந்தான். கூட ஒரு வார்த்தை இல்லை. வழக்கமாக எழுதும் 'சாப்டியா' கூட இல்லை. வெறும் பாட்டு. (இந்த நண்பனைப் பற்றிப் பிற்பாடு சொல்கிறேன். சொல்லாமல் தப்பிக்க முடியுமா என்றுதான் பார்த்தேன். முடியவில்லை.)

1966-ல் வந்த அமெரிக்கப் பாட்டு. 'ரீச் அவுட் ஐ'ல் பி தேர்' என்று பெயர். ஆரம்பத்தில் புல்லாங்குழல் மாதிரி ஒன்று ஒலிக்கிறது. பின்னால் குதிரை ஓடுகிற மாதிரி தாளம். அப்புறம் ஓர் ஆண் குரல். பாடுகிறது என்று சொல்ல முடியாது. ரயில் நகர ஆரம்பித்த பிறகு ஜன்னலோடு சேர்ந்து பிளாட்பாரத்தில் ஓடிக்கொண்டே ஒருத்தர் எதையோ சொல்லிவிடப் பார்ப்பாரே, அந்த மாதிரிக் குரல்.

தூக்கத்தில் இருந்த என் மனைவி எழுந்து உட்கார்ந்து, "யாருக்கு என்னங்க ஆச்சு?" என்றாள்.

சோல் இசை என்றால் என்ன என்று பெரிய பெரிய புத்தகம் எழுதியிருக்கிறார்கள். எனக்கென்னவோ இந்தக் கேள்வியே போதும் என்று தோன்றுகிறது. கறுப்பின மக்களின் தேவாலயங்களில் உருகி உருகிப் பாடும் பாட்டு முறையை அப்படியே வெளியே கொண்டுவந்து, 'கடவுளே' என்று கதறுகிற இடத்தில் 'கண்ணே' என்று கதறினால் அது சோல். கேட்கிறவனுக்கு, ஐயோ இவருக்கு என்ன ஆச்சு என்று பதற வேண்டும். என் மனைவிக்குப் பதறிற்று. பாஸ் மார்க்.

குரலுக்குச் சொந்தக்காரர் பெயர் லீவை ஸ்டப்ஸ். ஜீன்ஸ் பேண்ட்டில் பார்க்கிற அதே லீவைதான், ஆனால் சம்பந்தம் கிடையாது. 'ஃபோர் டாப்ஸ்' என்கிற நாலு பேர் குழுவின் முதன்மைப் பாடகர்.

நாலு பேர் குழு என்றால் நாலு பேரும் மாறி மாறிப் பாடுவார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். நாகஸ்வரக் கச்சேரியில் ஒருத்தர் ஒத்து ஊதுவார் இல்லையா? ராத்திரி பூரா கன்னம் உப்ப ஒரே ஸ்வரத்தை ஊதிவிட்டு, கடைசியில் சால்வை போடும்போது ஓரமாக நிற்பார். இந்தக் குழுக்களிலும் கிட்டத்தட்ட அந்த ஏற்பாடுதான். ஒருத்தர் முன்னால் நின்று உருகுவார். மற்றவர்கள் பின்னால் ஒரே மாதிரி கோட்டுப் போட்டுக்கொண்டு, ஒரே மாதிரி கையை ஆட்டி, 'ஊ' என்றும் 'ஆ' என்றும் சேர்ந்திசைப்பார்கள். அந்த 'ஊ'வும் 'ஆ'வும் இல்லாவிட்டால் முன்னால் நிற்பவர் தனியாக நின்று புலம்புகிற மாதிரி ஆகிவிடும் என்பது வேறு விஷயம். ஆனால் ரசிகன் கண்ணுக்கு முன்னால் நிற்பவர்தான் தெரிவார்.

லீவை ஸ்டப்ஸ் நாற்பது வருஷத்துக்கு மேல் முன்னால் நின்றவர். 'லீவை ஸ்டப்ஸும் ஃபோர் டாப்ஸும்' என்று ஒரு தடவைகூடப் பெயரை மாற்றிக்கொள்ளாதவர். தனியாகப் போய்ப் பாடியதும் கிடையாது.

தனியாக அவர் செய்த ஒரு பெரிய வேலையை இங்கேயே சொல்லிவிடுகிறேன். (வருஷப்படி பார்த்தால் இது பின்னால் வரவேண்டியது. ஏன் முன்னால் வந்தது என்பதற்குக் காரணம் இருக்கிறது.) 1986-ல் 'லிட்டில் ஷாப் ஆஃப் ஹாரர்ஸ்' என்று ஒரு ஹாலிவுட் படம். பூக்கடையில் ஒரு செடி. வேற்றுக்கிரகத்திலிருந்து வந்த செடி. தண்ணீர் ஊற்றினால் வளராது. மனுஷ ரத்தம் வேண்டும், பிறகு மனுஷனே வேண்டும். வாயைப் பிளந்து, 'எனக்குச் சோறு போடு' என்று அதிகாரம் பண்ணும். அந்தச் செடிக்குக் குரல் கொடுத்தவர் லீவை ஸ்டப்ஸ். செடி பாடிய பாட்டு ஆஸ்கர் பரிசுக்கே பரிந்துரையானது.

அதாவது, மனுஷன் முப்பது வருஷம் கழித்து நாலு பேரை விட்டுத் தனியாக ஒரு காரியம் பண்ணுகிறார். அதிலும் முகத்தைக் காட்டவில்லை. இலைதான் தெரிகிறது.

* * *

1936 ஜூன் 6-ம் தேதி டெட்ராய்ட் நகரத்தில் பிறந்தார். பிறந்தபோது குடும்பப் பெயர் ஸ்டபிள்ஸ். பிற்பாடுதான் ஸ்டப்ஸ் என்று சுருக்கிக்கொண்டார். டெட்ராய்ட் என்றால் கார். ஃபோர்டு, ஜெனரல் மோட்டார்ஸ், கிறைஸ்லர் எல்லாம் அந்த ஊர்தான். தெற்கு மாகாணங்களிலிருந்து பிழைப்புத் தேடி வந்த கறுப்பினக் குடும்பங்கள் அந்தத் தொழிற்சாலைகளை நம்பித்தான் அங்கே குடியேறின.

பெர்ஷிங் பள்ளியில் அவரோடு படித்தவர் அப்துல் ஃபகீர். எல்லாரும் 'ட்யூக்' என்று கூப்பிடுவார்கள். பெயரைப் பார்த்ததும் உங்களுக்கும் புருவம் உயர்ந்திருக்கும். ட்யூக்கின் அப்பா கிழக்கு வங்காளத்துக்காரர், இன்றைய பங்களாதேஷ். அம்மா கறுப்பின அமெரிக்கர். ஆக, நாலில் ஒருத்தருக்கு நம் பக்கத்து ரத்தம்.

இன்னும் இரண்டு பேர், லாரன்ஸ் பேட்டன், ரெனால்டோ 'ஓபி' பென்சன். வேறு பள்ளிக்கூடம். 1954 வாக்கில் ஒரு பார்ட்டியில் நாலு பேரும் சேர்ந்து பாடினார்கள். ஒத்திகையே இல்லாமல் ஸ்வரம் ஒட்டிக்கொண்டது. 'ஃபோர் எய்ம்ஸ்', நாலு லட்சியங்கள் என்று பெயர் வைத்துக்கொண்டார்கள். அப்போது 'ஏம்ஸ் பிரதர்ஸ்' என்று வெள்ளைக்காரப் பாடகர் குழு ஒன்று பிரபலம். காதில் விழுந்தால் இரண்டும் ஒன்று மாதிரி இருக்கவே, குழப்பம் வேண்டாம் என்று 'ஃபோர் டாப்ஸ்' ஆனார்கள்.

பெயரில்தான் டாப். அடுத்த எட்டு ஒன்பது வருஷம் ஒன்றும் நடக்கவில்லை. 1956-ல் செஸ் கம்பெனிக்கு ஓர் இசைத்தட்டு. ஓடவில்லை. பிறகு கொலம்பியா, ரிவர்சைட். ஓடவில்லை. ராத்திரி விடுதிகளில், ஜனங்கள் கத்தியும் முள்கரண்டியுமாகச் சாப்பிடுகிற சத்தத்துக்கு நடுவே பாடிப் பிழைத்தார்கள்.

இந்த இடத்தில் நம்மாளாக இருந்தால் என்ன நடந்திருக்கும் என்று யோசித்துப் பார்க்கிறேன். மூன்றாம் வருஷம் ஒருத்தர் மாமனார் கடைக்குப் போயிருப்பார். நாலாம் வருஷம் ஒருத்தர், 'பாட்டெல்லாம் சரி, வீட்டுல பொண்ணு பார்க்கறாங்க' என்று இழுத்திருப்பார். இவர்கள் நாலு பேரும் ஒன்பது வருஷம் ஒரே வண்டியில் ஊர் ஊராகப் போய்த் தோற்றிருக்கிறார்கள். சேர்ந்து ஜெயித்தவர்களைவிடச் சேர்ந்து தோற்றவர்களுக்கு ஒட்டுதல் ஜாஸ்தி போலிருக்கிறது.

* * *

1963-ல் அவர்களுடைய சொந்த ஊரிலேயே கதவு திறந்தது.

பெர்ரி கோர்டி என்று ஒருவர். கார் தொழிற்சாலையில் வேலை பார்த்தவர். 1959-ல், குடும்பத்தார் சேர்ந்து போட்டு வைத்திருந்த பொது நிதியிலிருந்து 800 டாலர் கடன் வாங்கி ஓர் இசைத்தட்டுக் கம்பெனி ஆரம்பித்தார். மேற்கு கிராண்ட் பூலவார்டு தெருவில் சாதாரண வீடு ஒன்று. வாசலில் 'ஹிட்ஸ்வில்' என்று போர்டு. அதுதான் மோடவுன். காரை வரிசையாக நகர்த்தி ஒருத்தர் சக்கரம் மாட்ட, ஒருத்தர் கதவு மாட்டுகிற மாதிரி, அங்கே பாட்டு எழுத ஒரு கோஷ்டி, வாசிக்க ஒரு கோஷ்டி, பாடகர்களுக்கு நடக்கவும் உட்காரவும் கற்றுக்கொடுக்க ஓர் அம்மா என்று தனித்தனி இலாகா.

பாட்டு எழுதும் இலாகாவில் ஹாலந்து சகோதரர்கள் இரண்டு பேர், லாமாண்ட் டோசியர் ஒருவர். இந்த மூவரிடம் ஃபோர் டாப்ஸ் வந்து சேர்ந்ததும் மூவரும் ஒரு வேலை பண்ணினார்கள். லீவை ஸ்டப்ஸுக்கு இயல்பில் கனமான, கீழ் ஸ்தாயிக் குரல். அதற்குத் தோதாகப் பாட்டுப் போடுவதுதானே முறை? இவர்கள் வேண்டுமென்றே சுருதியை ஏற்றிப் போட்டார்கள். நம் கணக்கில் சொன்னால், இரண்டு கட்டையில் சௌகரியமாகப் பாடுகிற மனுஷனை நாலு கட்டையில் பாடு என்று நிற்க வைப்பது. எட்டாத உயரத்தை எட்டிப் பிடிக்கக் குரல் திணறும். திணறும்போது கெஞ்சும். கேட்கிறவர்களுக்கு, காதலிக்காக இந்த மனுஷன் உயிரைக் கொடுத்துப் பாடுகிறாரே என்று நெஞ்சு அடைக்கும்.

அவர் உயிரைக் கொடுத்தது வாஸ்தவம்தான். காரணத்தில்தான் கொஞ்சம் சுருதியும் சேர்த்தி.

1964-ல் 'பேபி ஐ நீட் யுவர் லவிங்' அமெரிக்கப் பட்டியலில் 11-வது இடம். 1965-ல் 'ஐ கான்ட் ஹெல்ப் மைசெல்ஃப்' முதல் இடம். இந்த முதல் இடத்துப் பாட்டில் ஒரு தமாஷ். பாடி முடித்ததும் ஸ்டப்ஸுக்குத் திருப்தி இல்லை. இன்னொரு தடவை பாடுகிறேன் என்றார். நாளைக்கு வைத்துக்கொள்ளலாம் என்று அனுப்பிவிட்டார்கள். அந்த நாளை வரவேயில்லை. அவர் பிடிக்கவில்லை என்று சொன்ன பதிவுதான் அமெரிக்கா பூரா ஒலித்தது.

அது ஜெயித்ததும் பழைய கொலம்பியா கம்பெனிக்கு ஞாபகம் வந்துவிட்டது. அடடே, இந்தப் பையன்கள் நமக்குப் பாடிய தட்டு ஒன்று குடோனில் கிடக்கிறதே என்று தூசு தட்டி மறுபடி வெளியிட்டார்கள். (ஒருத்தன் உருப்பட்டதும் முதலில் வருவது பழைய முதலாளிதான்.) கோர்டிக்கு ரோஷம் வந்தது. உடனே புதுப் பாட்டு வேண்டும் என்றார். எழுதி, பாடி, பதிந்து, தட்டாக அடித்து ரேடியோக்காரர்கள் கையில் கொடுக்க எடுத்துக்கொண்ட நேரம் கிட்டத்தட்ட ஒரு நாள். முந்தின பாட்டின் ஜாடை தூக்கலாகத் தெரியும். அதற்கு வைத்த பெயர் 'இட்ஸ் த சேம் ஓல்டு சாங்', அதாவது 'அதே பழைய பாட்டு'. குற்றத்தை ஒப்புக்கொண்டு வந்ததாலோ என்னவோ, ஜனங்கள் மன்னித்து 5-வது இடம் கொடுத்தார்கள்.

அடுத்த வருஷம்தான் என் மனைவியை எழுப்பிய பாட்டு. இதைப் பாடி முடித்தபோது குழுவினருக்கே நம்பிக்கை இல்லையாம். என்னமோ சோதனை முயற்சி மாதிரி இருக்கிறது, வெளியிடாதீர்கள் என்று கோர்டியிடம் கேட்டுக்கொண்டதாக ட்யூக் ஃபகீர் பின்னாளில் சொல்லியிருக்கிறார். கோர்டி கேட்கவில்லை. அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் முதல் இடம்.

1967-ல் 'பெர்னடெட்'. அதில் முடிவுக்குக் கொஞ்சம் முன்னால் பாட்டு நின்றுவிடும். வாத்தியம், கோரஸ் எல்லாம் நின்றுவிடும். சரி, முடிந்தது என்று நாம் எழுந்திருக்கும்போது, ஸ்டப்ஸ் அந்தப் பெண்ணின் பெயரை மட்டும் ஒரு தடவை கூப்பிடுவார். மறுபடி எல்லாம் கிளம்பும். அந்த ஒரு கூப்பாட்டைப் பத்துத் தடவை திருப்பித் திருப்பிக் கேட்டேன். பத்தாவது தடவையில் எனக்கே அந்தப் பெண் மேல் கோபம் வந்துவிட்டது. இவ்வளவு தூரம் கூப்பிடுகிறாரே, ஒரு வார்த்தை பதில் சொன்னால் என்ன?

* * *

இப்போது பி.காம்.-க்கு வருகிறேன்.

கூட்டாண்மைக் கணக்குகள் என்று ஒரு பகுதி உண்டு. முதலில் கூட்டாளி சேர்ப்பு. அப்புறம் கூட்டாளி விலகல். அப்புறம் கூட்டாளி இறப்பு. இரண்டு பேர் சேர்ந்து கடை வைத்தார்கள் என்று தொடங்கும் கணக்கு ஒன்றுகூட, அவர்கள் சௌக்கியமாக இருந்தார்கள் என்று முடிந்து நான் பார்த்ததில்லை. ஒருத்தர் விலகுவார், அல்லது செத்துப் போவார். உடனே நற்பெயரை மதிப்பிடு, மறுமதிப்பீட்டுக் கணக்குத் தயார் செய் என்பார்கள். பரீட்சையில் அதற்குத்தான் மார்க்.

மோடவுன் குழுக்களின் கதையைப் படித்தால் அந்தப் பாடப்புத்தகம் மாதிரியே இருக்கிறது. 1967-ல் 'சுப்ரீம்ஸ்' குழு 'டயானா ராஸும் சுப்ரீம்ஸும்' ஆயிற்று. அந்த வருஷமே, குழுவைத் தொடங்கிய ஃப்ளாரன்ஸ் பல்லார்ட் வெளியேற்றப்பட்டார். 1970-ல் டயானா ராஸும் தனியாகப் போனார். 'மிராக்கிள்ஸ்' குழு 'ஸ்மோக்கி ராபின்சனும் மிராக்கிள்ஸும்' ஆகி, 1972-ல் ஸ்மோக்கி விலகினார். 'டெம்ப்டேஷன்ஸ்' குழுவில் டேவிட் ரஃபின் தன் பெயரையும் முன்னால் போடவேண்டும் என்று கேட்டார். 1968-ல் வெளியே அனுப்பிவிட்டார்கள். அந்தக் குழுவில் இதுவரை இருபது பேருக்கு மேல் வந்து போயிருக்கிறார்கள். கூட்டாளி சேர்ப்பு, கூட்டாளி விலகல் இரண்டுக்கும் அதிலிருந்தே பத்து வருஷக் கேள்வித்தாள் தயாரிக்கலாம்.

ஃபோர் டாப்ஸில் மட்டும் ஒன்றும் நடக்கவில்லை. நாலு பேர், அதே நாலு பேர். 43 வருஷத்துக்கு மேல்.

லீவை ஸ்டப்ஸைத் தனியாக வரச்சொல்லி யாரும் கூப்பிடவில்லை என்று நினைக்காதீர்கள். அந்தக் குரலைக் கூப்பிடாமல் இருப்பார்களா? கூப்பிட்டார்கள். போகவில்லை. பாடும் தகுதி பின்னால் நின்ற மூவருக்கும் உண்டு. குரல்களை அடுக்கிச் சேர்க்கும் சூட்சுமம் லாரன்ஸ் பேட்டனிடம் இருந்தது. ஓபி பென்சன் ஒரு படி மேலே போய், கலிபோர்னியாவில் போலீஸார் இளைஞர்களை அடித்ததைப் பார்த்துவிட்டு ஒரு பாட்டுக்கு விதை போட்டார். அதைத் தன் குழுவிடம்தான் முதலில் காட்டினார். இதெல்லாம் எதிர்ப்புப் பாட்டு, நமக்கு வேண்டாம் என்று நண்பர்கள் சொல்லிவிட்டார்கள். அது மார்வின் கே கைக்குப் போய், 1971-ல் 'வாட்ஸ் கோயிங் ஆன்' என்று உலகப் புகழ் பெற்றது. பென்சன் அப்போதும் விலகவில்லை. இந்த ஒரு விஷயத்துக்காக நானாக இருந்தால் தினம் காலையில் காபியோடு சேர்த்து அந்த மூன்று பேரையும் சொல்லிக் காட்டியிருப்பேன்.

நண்பனைப் பற்றிச் சொல்லவேண்டிய இடம் வந்துவிட்டது.

கல்லூரியில் எனக்குப் பக்கத்து பெஞ்சு. இரண்டு பேரும் சேர்ந்து பத்திரிகைகளுக்கு எழுத ஆரம்பித்தோம். இரண்டு பேர் பெயரையும் வெட்டி ஒட்டவைத்து ஒரு புனைபெயர். உச்சரித்தால் ஏதோ இருமல் லேகியம் மாதிரி இருக்கும். ஜோக் அவனுக்கு வரும். எனக்கு வாக்கியம் வரும். அவன் சொல்லச் சொல்ல நான் எழுதுவேன். ஐந்து வருஷம் அப்படி ஓடியது. வந்த சன்மானம் கம்மிதான். அதைப் பாதியாகப் பிரித்தால் சில சமயம் பைசாக் கணக்கு வரும். அந்தப் பைசாவுக்கு டீ.

ஏழு வருஷத்துக்கு முன்னால் ஒரு பத்திரிகையிலிருந்து (இது இல்லை) ஒருத்தர் கூப்பிட்டார். வாராவாரம் ஒரு பக்கம் தருகிறோம் என்றார். "ஆனா சார், ஒரு போட்டோதான் போட முடியும். ரெண்டு மூஞ்சி போட்டா ஸ்டாம்பு சைஸ் ஆயிடும். பேரும் அந்த லேகியம் மாதிரி வேணாம். எழுதறது நீங்கதானே?"

நான், "ஆமாம்" என்றேன்.

பொய்யில்லை. எழுதுவது நான்தான். கேட்ட கேள்விக்குக் கரெக்டான பதில்தான். ஆடிட்டர்கள் இப்படித்தான் பதில் சொல்வார்கள்.

அன்று சாயங்காலம் நண்பனிடம் விஷயத்தைச் சொன்னேன். "நல்லா எழுதுடா. எனக்கும் மண்டியில மார்ச் மாசக் கணக்கு தலைக்கு மேல கிடக்கு" என்றான். ஈரோட்டில் ஒரு மஞ்சள் மண்டியில் அப்போதுதான் வேலைக்குச் சேர்ந்திருந்தான்.

அவன் அதைச் சொன்னது ஜூலை மாசம்.

* * *

மிச்சக் கதை. பாட்டு எழுதித் தந்த மூவரும் பண விவகாரத்தில் கோர்டியோடு மோதி, 1967-68-ல் மோடவுனை விட்டுப் போனார்கள். ஃபோர் டாப்ஸின் வெற்றிகள் குறைந்தன. 1972-ல் மோடவுனே டெட்ராய்டைக் காலி செய்துகொண்டு லாஸ் ஏஞ்சலஸ் போயிற்று. நாலு பேரும் கூடப் போகவில்லை. ஊரிலேயே இருந்துகொண்டு கம்பெனியை மாற்றினார்கள். 1973-ல் ஒரு பாட்டு 4-வது இடம் வரை போனது. 1981-ல் இன்னொரு கம்பெனி, இன்னொரு வெற்றி. நடுவில் வறட்சி. ஆனால் மேடை நிற்கவில்லை. 1983-ல் மோடவுனின் 25-ம் ஆண்டு டி.வி. நிகழ்ச்சியில் டெம்ப்டேஷன்ஸோடு போட்டிப் பாட்டுப் பாடினார்கள். நம்மூரில் தவில் வித்வான்கள் இரண்டு பேரை எதிரும் புதிருமாக உட்காரவைத்து விடுவார்களே, அந்த ரகம். ஜனங்களுக்குப் பிடித்துப்போகவே, இரண்டு குழுவும் சேர்ந்து வருஷக்கணக்கில் ஊர் ஊராகப் போயின.

1988 டிசம்பர் 21. லண்டனிலிருந்து நியூயார்க் கிளம்பிய பான் ஆம் 103 விமானம் ஸ்காட்லாந்தின் லாக்கர்பி ஊருக்கு மேலே குண்டு வெடித்துச் சிதறியது. விமானத்திலும் தரையிலுமாக 270 பேர் இறந்தார்கள். கிறிஸ்துமஸுக்கு வீடு திரும்ப அந்த விமானத்தில் ஃபோர் டாப்ஸும் வரவேண்டியவர்கள். லண்டனில் தாமதமாகி ஏறாமல் விட்டுவிட்டார்கள். நாலு பேரும் ஒரே விமானத்தில் போகிற வழக்கம் எவ்வளவு ஆபத்து என்று மானேஜர்கள் சொல்லியிருக்கலாம். தனித்தனியாகப் போயிருப்பார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை.

1990-ல் ராக் இசை கௌரவ மண்டபத்தில் இடம் கிடைத்தது. நாலு பேரும் உயிரோடு, ஒன்றாக நின்று வாங்கிக்கொண்டார்கள்.

1997 ஜூனில் லாரன்ஸ் பேட்டன் ஈரல் புற்றுநோயில் இறந்தார். பாடப்புத்தகத்தின் கடைசி அத்தியாயம். இந்தியக் கூட்டாண்மைச் சட்டம் 1932, பிரிவு 42 என்ன சொல்கிறது என்றால், வேறு ஒப்பந்தம் இல்லாதபோது ஒரு கூட்டாளி இறந்தால் கூட்டு கலைந்துவிடும். டெட்ராய்டில் அந்தச் சட்டம் செல்லாதுதான். ஆனால் மிஞ்சிய மூன்று பேரும் என்ன செய்தார்கள் தெரியுமா? நாலாவது ஆளைத் தேடவில்லை. 'ஃபோர்' என்ற வார்த்தையை எடுத்துவிட்டு வெறும் 'த டாப்ஸ்' என்று கொஞ்ச காலம் மூன்று பேராகப் பாடினார்கள். பிறகுதான் வேறொருவர் வந்தார்.

இந்த விஷயத்தைப் படித்த ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. அந்த லேகியப் பெயரிலிருந்து நான் எடுத்தது எந்தப் பாதி?

ஸ்டப்ஸுக்கும் 1995-ல் புற்றுநோய் வந்தது. 2000-ல் பக்கவாதம். அத்தோடு மேடை நின்றது. 2004-ல் குழுவின் ஐம்பதாவது ஆண்டு விழா டெட்ராய்டில் நடந்தபோது சக்கர நாற்காலியில் அழைத்து வந்தார்கள். பாடினார். ஆறு கட்டைக்கு ஏற்றினாலும் எட்டிப் பிடித்த அந்தக் குரல் இப்போது சாதாரண இடத்துக்கே தடுமாறியது. நண்பர்கள் பக்கத்தில் இருந்தார்கள்.

மறு வருஷம் ஓபி பென்சன் போனார். 2008 அக்டோபர் 17-ம் தேதி லீவை ஸ்டப்ஸ் டெட்ராய்டில் தன் வீட்டிலேயே தூக்கத்தில் இறந்தார். வயது 72. 1960-ல் கல்யாணம் செய்துகொண்ட க்ளினீஸ் கடைசி வரை கூட இருந்தார். வீடு, ஊர், மனைவி, நண்பர்கள், ஒன்றையுமே அவர் மாற்றிக்கொள்ளவில்லை. ட்யூக் ஃபகீர் மட்டும் மிஞ்சி, புது ஆட்களோடு எண்பது தாண்டியும் பாடினார். 2024 ஜூலை 22-ல் அவரும் போனார். வயது 88.

* * *

இவ்வளவையும் எழுதி, முதல் முறையாக ஈரோட்டுக்கு அனுப்பினேன். ஏழு வருஷமாக அவனுக்கு எதையும் அச்சாவதற்கு முன்னால் அனுப்பியது கிடையாது. இரண்டு நாள் பதில் இல்லை. மூன்றாம் நாள் போன் வந்தது.

"அந்தச் செடி மேட்டரைக் கொண்டுபோய் ஏரோப்ளேன் வெடிச்சதுக்குப் பக்கத்துல வெச்சிருக்கியே, எழவு வீட்டுல ஜோக் அடிக்கிற மாதிரி இருக்கு. முன்னாடி தூக்கிப் போடு."

தூக்கிப் போட்டுவிட்டேன். நீங்களே பார்த்தீர்கள்.

"அப்புறம், 'இலைதான் தெரிகிறது'ன்னு முடி. 'தெரிந்தது'ன்னு போட்டா சிரிப்பு வராது."

அதையும் மாற்றிவிட்டேன்.

ஏன் அந்தப் பாட்டை அனுப்பினாய் என்று கேட்டேன். மண்டியில் லாரி டிரைவர் ஒருத்தரின் பையன் போட்டுக் கேட்டுக்கொண்டிருந்தானாம். நன்றாக இருந்ததாம். அனுப்பினானாம். அவ்வளவுதான் என்றான். நம்பினேன் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

பெயர் இரண்டையும் போடச் சொல்லட்டுமா என்றேன். லேகியம் இப்போது விற்காது என்றான். சன்மானத்தில் பாதி அனுப்புகிறேன் என்றேன். "அனுப்பித்தான் ஆகணும். ஒப்பந்தம் எதுவும் இல்லேன்னா லாபம் சமபாகம். பிரிவு 13" என்றான். மண்டிக் கணக்கு எழுதினாலும் சட்டம் மறக்கவில்லை. எவ்வளவு வரும் என்று கேட்டான். தொகையைச் சொன்னேன்.

கொஞ்ச நேரம் சத்தம் இல்லை.

"இதுக்காடா என்னை விட்டுட்டுப் போனே?"

இரண்டு பேரும் சிரித்தோம். அவன் கொஞ்சம் முன்னாலேயே நிறுத்திவிட்டான்.